பாடிய வாயும் வரைந்த கையும்

(தருமபுரியில் நடந்த இலக்கிய மன்ற ஆண்டு விழாவில் பேசியதன் எழுத்து வடிவம்)

விழாத் தலைவர் அவர்களே, முன்னிலை வகிக்கும் நகர்மன்ற உறுப்பினர் அம்மா அவர்களே, ஓய்வு பெற்ற தலைமையாசிரியர் ஐயா அவர்களே, மருத்துவர் ஐயா அவர்களே, பெயர் விட்டுப்போனால் மேடையிலேயே கோபித்துக்கொள்ளும் உரிமை பெற்ற என் நண்பர் வழக்கறிஞர் அவர்களே, எதிரே அமர்ந்திருக்கும் பெரியோர்களே, தாய்மார்களே, தம்பி தங்கைகளே, எல்லோருக்கும் வணக்கம்.

தலைவர் ஐயாவைப் பற்றி இரண்டு வார்த்தை சொல்லாமல் தொடங்கினால் அது முறையாகாது. தன் அரிசி மண்டியின் மாடியை நம் மாதக் கூட்டத்துக்கு வாடகை வாங்காமல் கொடுக்கிறவர். போகும்போது மின்விசிறியை அணைத்துவிட்டுப் போங்கள் என்பதைத் தவிர வேறு நிபந்தனை எதுவும் வைத்ததில்லை. அந்த ஒரு நிபந்தனையையும் நாம் ஒழுங்காகக் காப்பாற்றியதில்லை என்று மண்டி கணக்குப்பிள்ளை சொல்கிறார். உறுப்பினர் அம்மா, விழா என்றால் குத்துவிளக்கு ஏற்றிவிட்டு அடுத்த விழாவுக்கு ஓடுகிறவர் அல்ல. பாயசம் பரிமாறுகிற வரைக்கும் இருந்து பார்க்கிறவர். தலைமையாசிரியர் ஐயாவிடம் படித்தவர்கள் இந்தப் பந்தலில் பாதிப்பேர். மீதிப்பேர் அவரிடம் அடி வாங்கியவர்கள். மருத்துவர் ஐயா வீட்டில் ராத்திரி பத்து மணிக்கு மேல் வயலின் வாசிப்பார் என்பது பலருக்குத் தெரியாது. எதிர்வீட்டுக்காரன் என்பதால் எனக்குத் தெரியும். பகலெல்லாம் நோயாளிகளைப் பார்த்துக் களைத்த மனிதர் ஏன் தூங்காமல் வயலினை எடுக்கிறார்? ஆடிய காலும் பாடிய வாயும் சும்மா இருக்காது என்பார்கள் பெரியவர்கள்.

இந்தப் பழமொழியை நான் மேடைக்கு மேடை சொல்கிறேன் என்று ஒரு புகார் இருக்கிறது. வீட்டிலிருந்து கிளம்பும்போதே என் மனைவி, "இன்னைக்கும் அந்தக் காலும் வாயும் உண்டா?" என்று கேட்டுத்தான் அனுப்பினார். உண்டு. இன்றைக்கு அது இல்லாமல் நடக்காது.

செயலாளர் தம்பி எனக்குக் கொடுத்த தலைப்பு, ஓர் இசைக் கலைஞர் பாட்டிலும் ஓவியத்திலும் சினிமாவிலும் நடந்த பாதை. யாரை வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம் என்றார். நான் எடுத்துக்கொண்டவர் எஸ். ராஜம். தெரிந்தவர்கள் கை தூக்குங்கள் பார்ப்போம். நாலைந்து கைகள். மருத்துவர் ஐயாவும் தூக்கிவிட்டார், சந்தோஷம்.

ஆனால் கை தூக்காதவர்களும் அவரைப் பார்த்திருக்கிறீர்கள். தியாகராஜர், முத்துசுவாமி தீட்சிதர், சியாமா சாஸ்திரி மூன்று பேரின் படத்தைப் பாட்டு டீச்சர் வீட்டுச் சுவரிலோ கச்சேரி அழைப்பிதழிலோ புத்தக அட்டையிலோ பார்த்திருப்பீர்கள். அவர்கள் முகம் என்று இன்றைக்கு நம் மனத்தில் பதிந்திருப்பது பெரும்பாலும் ராஜம் வரைந்த முகம்தான். அந்த மூன்று பேரின் பாட்டையும் மேடையில் பாடியவரே அவர்களுடைய முகத்தையும் வரைந்தார். இப்படி இன்னொருவரைக் காட்டுவது கஷ்டம்.

நான்கு செய்திகள் சொல்வதாக உத்தேசம். ஒன்று, அவர் வளர்ந்த வீடு. இரண்டு, பாட்டு. மூன்று, தூரிகை. நான்கு, சினிமா. நேரம் இருந்தால் ஐந்தாவதாக, நம் தருமபுரி நடுகற்களுக்கும் இதற்கும் என்ன சம்பந்தம் என்பதையும் சொல்கிறேன்.

வீட்டிலிருந்து தொடங்குவோம். ராஜம் 1919 பிப்ரவரி 10 அன்று பிறந்தவர். மயிலாப்பூர்க் குடும்பம். அப்பா சுந்தரம் ஐயருக்குச் சங்கீதம் என்றால் உயிர். தமிழில் கீர்த்தனைகள் இயற்றிய பாபநாசம் சிவன் அந்த வீட்டுக்கு வந்து போகிறவர். ராஜம் அவரிடம் கற்றார். தீட்சிதர் பரம்பரையில் வந்த அம்பி தீட்சிதரிடமும் கற்றார். யோசித்துப் பாருங்கள், தீட்சிதரின் பாட்டை அவர் குடும்பத்தாரிடமே உட்கார்ந்து கற்ற பிள்ளை, பின்னாளில் தீட்சிதருக்கு முகமும் வரைந்து கொடுத்தது. ராஜத்தின் தம்பிதான் வீணை எஸ். பாலசந்தர். தங்கை ஜெயலட்சுமியும் பாடுவார், நடிப்பார்.

நான்காவதாகச் சொல்வேன் என்ற சினிமாவை இங்கேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அதுவும் அந்த வீட்டிலிருந்தேதான் கிளம்பியது. 1934-இல் 'சீதா கல்யாணம்' என்று ஒரு படம். மகாராஷ்டிரத்துப் பிரபாத் கம்பெனி எடுத்த தமிழ்ப் படம். ராமன் வேஷம் யாருக்கு? பதினைந்து வயது ராஜத்துக்கு. சீதை? தங்கை ஜெயலட்சுமி. ஜனகர்? அப்பா சுந்தரம் ஐயரே. ராவணன் சபையில் கஞ்சிரா வாசிக்கும் பொடியன்? ஏழு வயது பாலசந்தர். சினிமாவில் பாபநாசம் சிவனுக்கும் அதுதான் தொடக்கம். அண்ணனும் தங்கையும் ராமனும் சீதையுமா என்று அந்தக் காலத்து ஆசாரக்காரர்கள் முகம் சுளித்தார்கள். முகம் சுளித்தவர்களும் டிக்கெட் வாங்கித்தான் சுளித்திருப்பார்கள் என்பது என் அபிப்பிராயம்.

அப்புறம் 1943-இல் 'சிவகவி'. தியாகராஜ பாகவதர் படம். சிவனைத் தவிர வேறு யாரையும் பாடமாட்டேன் என்ற புலவரை முருகன் மடக்கிப் பாடவைக்கிற கதை. அந்த முருகன் நம்ம ராஜம். பாகவதர் கொடிகட்டிப் பறந்த காலத்தில் அவருக்கு எதிரே முருகனாக நிற்பது லேசுப்பட்ட காரியமா?

தம்பியை ஒரு நிமிஷம் பார்த்துவிட்டுப் போகலாம். பாலசந்தருக்கு வீணையில் குரு என்று யாரும் கிடையாது, தானே கற்றுக்கொண்டது. அவரே படமும் இயக்கினார். 1954-இல் ஏவிஎம் எடுத்த 'அந்த நாள்' அவர் இயக்கியது. சிவாஜி கணேசனும் பண்டரிபாயும் நடித்தது. தமிழ்ப் படம் என்றால் பத்துப் பதினைந்து பாட்டு இருந்த காலத்தில் அந்தப் படத்தில் ஒரு பாட்டுகூடக் கிடையாது. டான்ஸ் கிடையாது. எடுத்தவர் யார்? வீணை வித்வான். பாட்டை எங்கே வைக்கவேண்டும் என்று தெரிந்தவனுக்குத்தான் எங்கே வைக்கக்கூடாது என்பதும் தெரியும். 1964-இல் அவர் எடுத்த 'பொம்மை' படத்தில்தான் யேசுதாஸ் குரல் தமிழுக்கு வந்தது. 1990-இல் பாலசந்தர் காலமானார். அவருடைய வாதங்கள், சண்டைகள், அதெல்லாம் தனிக் கூட்டத்துக்கு ஆகும். இன்று அண்ணனோடு நிற்போம்.

பாட்டு. கர்நாடக சங்கீதத்தில் 72 மேளகர்த்தா ராகங்கள், அதாவது தாய் ராகங்கள். அவற்றில் 40 விவாதி ராகங்கள், அதாவது பக்கத்துப் பக்கத்துச் சுரங்கள் ஒன்றோடொன்று இடிக்கிற ராகங்கள். எளிதாகச் சொல்கிறேன், ஆர்மோனியம் தெரிந்தவர்கள் மனத்தில் கட்டையை வைத்துக்கொள்ளுங்கள். முதல் மேளம் கனகாங்கி. முதல் வெள்ளைக் கட்டை ச. அதை ஒட்டிய கறுப்புக் கட்டை ரி. அதை ஒட்டிய வெள்ளைக் கட்டையே க. நடுவில் மூச்சு விட இடமில்லாமல் மூன்றும் இடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும். கேட்டால் முதலில் காதில் உறுத்தும். பாடினால் ஆகாது, தோஷம் என்று ஒதுக்கிவைத்த வித்வான்கள் உண்டு. ராஜம் ஒதுக்கவில்லை. கோடீசுவர ஐயர் 72 மேளங்களிலும் தமிழிலேயே பாட்டுக் கட்டி வைத்திருந்தார். அதைத் தேடி எடுத்து, பாடி, சொல்லிக்கொடுத்து, மேடைக்குக் கொண்டுவந்ததில் ராஜத்துக்குப் பெரிய பங்கு. தமிழில் சாகித்யம் இல்லை என்று யாராவது சொன்னால், கோடீசுவர ஐயர் என்று ஒரு பெயரைச் சொல்லிவிட்டு நீங்கள் டீ குடிக்கப் போகலாம். ராஜம் சென்னை வானொலியிலும் பணி செய்தார். ஆடிய காலும் பாடிய வாயும் சும்மா இருக்காது. பாடிய வாய் சும்மா இருக்கவில்லை என்று பார்த்துவிட்டோம். வரைந்த கை?

அரசு ஓவியப் பள்ளியில் படித்தார். சென்னை மெரினாவில் உழைப்பாளர் சிலை இருக்கிறதே, அதை வடித்த தேவி பிரசாத் ராய் சௌத்ரி முதல்வராக இருந்த பள்ளி. மேல்நாட்டு எண்ணெய் ஓவியம் கொடிகட்டிப் பறந்த நேரத்தில் ராஜம் அஜந்தா பக்கம் திரும்பினார். நீண்ட கண், வளைந்த இடை, விரல்களில் ஒரு முத்திரை. நீர்வண்ணத்தை அவர் பயன்படுத்திய விதம் தனி. தாளில் கோடு போட்டு, வண்ணம் பூசி, காய்ந்ததும் அந்தத் தாளையே தண்ணீரில் நனைப்பது. போகிற வண்ணம் போகும், நிற்கிற வண்ணம் நிற்கும். மறுபடி பூசி மறுபடி நனைப்பது. கடைசியில் வண்ணம் தாளின் மேலே இல்லாமல் தாளுக்குள்ளே இறங்கி, மங்கலாக ஒரு ஒளி வரும். அவசரக்காரனுக்கு இது ஆகாது. ஏழு சுரங்களுக்கும் சாத்திரம் சொல்கிற உருவம், வாகனம், நிறம் எல்லாவற்றையும் படமாக வரைந்தார். மத்தியமத்தைப் பாடுகிற தொண்டையும் மத்தியமத்துக்கு முகம் போடுகிற விரலும் ஒரே ஆளுடையது.

இதையெல்லாம் மயிலாப்பூரில் பேசலாம், தருமபுரியில் எதற்கு என்று ஒருவர் என்னிடம் கேட்டார். நியாயமான கேள்வி. நம் அதியமான்கோட்டையில் சென்றாயப் பெருமாள் கோயில் இருக்கிறது. பஸ் ஏறினால் கால் மணி நேரம். அங்கே மண்டபத்து விதானத்தில் இதிகாசக் காட்சிகள் ஓவியமாக இருக்கின்றன. அஜந்தாவுக்குப் போக நமக்கு வசதியில்லை, சரி. அதியமான்கோட்டைக்கு? நம் ஊர்ப் பிள்ளைகள் எத்தனை பேர் அங்கே கழுத்தை அண்ணாந்து பார்த்திருக்கிறார்கள்? பார்க்கச் சொல்ல ஆள் வேண்டாமா?

ராஜம் கதை மட்டும் போதுமா, நம் ஊர் ஆள் ஒருவர் கதையும் கேளுங்கள்.

பென்னாகரம் பக்கத்தில் ஒரு கூத்து வாத்தியார் இருந்தார். பெயர் வேண்டாம், பேரப்பிள்ளைகள் இந்தப் பந்தலிலேயே உட்கார்ந்திருக்கலாம். துரியோதனன், ராவணன், இரணியன் என்று ராஜ வேஷம் கட்டுகிறவர். மைக் இல்லாத காலம். அவர் திரைக்குப் பின்னாலிருந்து குரல் கொடுத்தால் ஊர்க்கோடியில் படுத்திருப்பவன் போர்வையை உதறிவிட்டு எழுந்து உட்காருவான். கிரீடமும் புஜக்கட்டையும் மார்புப் பதக்கமும் அவரே கல்யாண முருங்கைக் கட்டையில் செதுக்கி, கண்ணாடித் துண்டு பதித்து, ஜிகினாத் தாள் ஒட்டிச் செய்துகொள்வார். முகத்துக்கு வேஷமும் அவரே. கைக்கண்ணாடியைத் தொடையில் சாய்த்து வைத்துக்கொண்டு, தேங்காய்ச் சிரட்டையில் குழைத்த வண்ணத்தை ஈர்க்குச்சியால் தொட்டு, புருவத்துக்கு மேலே வரிசையாகப் புள்ளி வைப்பார். ஒரு புள்ளிகூடப் பிசகாது. பையன்கள் நாங்கள் சுற்றி உட்கார்ந்து பார்ப்போம். விரட்டமாட்டார்.

கூத்து வருஷம் முழுக்க நடக்காதே. கூத்து இல்லாத மாதங்களிலும் வயிறு இருக்கிறது. அப்போது டூரிங் கொட்டகைக்குத் தட்டி எழுதுவார். மூங்கில் தட்டியில் தாள் ஒட்டி, படத்தின் பெயரும் நடிகர் முகமும் வரைந்து ரோட்டோரம் நிறுத்துவார்களே, அந்தத் தட்டி.

ஒருமுறை புராணப் படம் ஒன்று வந்தது. படப்பெட்டி வந்து சேர்ந்துவிட்டது, போஸ்டர் வரவில்லை. எந்தப் பஸ்ஸில் ஏற்றினார்களோ, எங்கே இறங்கியதோ. வெள்ளிக்கிழமை முதல் ஆட்டம். கொட்டகைக்காரர் ஓடி வந்தார். "வாத்தியாரே, ராவணன் வர்ற படம். பத்துத் தலையோட பெரிசா ஒரு தட்டி போட்டு நிறுத்துங்க" என்றார்.

"முந்தின ரெண்டு தட்டிக்கே கூலி வரலீங்களே."

"எல்லாம் இதோட சேர்த்து வாங்கிக்கலாம், எழுதுங்க."

ராத்திரி பூரா அரிக்கேன் விளக்கு வெளிச்சத்தில் எழுதினார். விடிந்ததும் தட்டியை ரோட்டில் நிறுத்தினார்கள். முதலில் பார்த்தவன் பால் ஊற்றப் போன ஆள். நின்றான். கிட்டே போனான். குனிந்து பார்த்தான். சிரிக்க ஆரம்பித்தவன், பால் கேனை அங்கேயே வைத்துவிட்டு ஊருக்குள் ஓடினான்.

நடுத்தலை கம்பீரமான ராவணன், அதில் குறை இல்லை. பக்கத்துத் தலைகள்தான் விஷயம். முதல் தலை ஊரில் வட்டிக்குக் கொடுக்கிறவர், நெற்றிப் பட்டை உட்பட. அடுத்தது ஊர்க் கணக்கு எழுதுகிற கர்ணம், காதில் செருகிய பென்சிலோடு. அதற்கடுத்தது எடையில் விரல் வைக்கிற மளிகைக்காரர். அதற்கும் அடுத்தது, எந்தப் பஞ்சாயத்து நடந்தாலும் இரண்டு பக்கமும் வாங்கிக்கொள்கிற பெரிய மனிதர். அவருக்கு ஒரு கண் இந்தப் பக்கம், ஒரு கண் அந்தப் பக்கம். ஆளாளுக்குத் தலை கண்டுபிடிக்கிறார்கள். ஏழு தலை வரைக்கும் ஒற்றுமையாகப் போனது. எட்டாவது தலையில் சண்டை வந்துவிட்டது. "அது உங்க மாமனாரு." "இல்ல, உங்க சித்தப்பன்." வயல் வேலைக்குப் போனவர்கள் திரும்பி வந்துவிட்டார்கள். படத்தைப் பார்க்க வந்த கூட்டத்தைவிடத் தட்டியைப் பார்க்க வந்த கூட்டம் பெரிசு.

வட்டிக்காரர் காதுக்குப் போனது. வேகமாக வந்தார். "யோவ், என் தலையை அழி!"

வாத்தியார் வேட்டியை மடித்துக் கட்டினார். பிரஷை எடுத்து வெள்ளைச் சுண்ணாம்பில் தோய்த்தார். ரொம்பப் பணிவாக, "அழிச்சிடறேனுங்க. இதுல எந்தத் தலை உங்களதுன்னு கை காட்டுங்க" என்றார்.

சுற்றிலும் நூறு பேர். ஒரு சத்தம் இல்லை. வட்டிக்காரர் தலைகளைப் பார்த்தார். கூட்டத்தைப் பார்த்தார். கை காட்டினால் ஒப்புக்கொண்டதாகிவிடும். ஒன்றும் பேசாமல் திரும்பி நடந்தார். அப்புறம் கர்ணம் வந்தார். அவருக்கும் அதே பணிவு, அதே கேள்வி. கர்ணம் காதில் இருந்த பென்சிலை எடுத்துச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டு வந்த வழியே போனார். மளிகைக்காரர் வரவே இல்லை, புத்திசாலி.

பத்தாவது தலையை மட்டும் கடைசி வரை யாரும் கண்டுபிடிக்கவில்லை. அது ஓரத்தில், கொஞ்சம் நிழலில் இருந்தது. அன்று ராத்திரி ஆட்டம் விட்டுக் கூட்டம் கலைந்த பிறகு, கொட்டகைக்காரர் தனியாக வந்து டார்ச் அடித்துப் பார்த்தார். மறுநாள் காலையில் மூன்று தட்டிக்கும் சேர்த்துக் கூலி வாத்தியார் வீட்டு வாசலுக்கே வந்துவிட்டது. கூலியை எண்ணிப் பார்த்துவிட்டு வாத்தியார் போய், அந்தத் தலைக்கு மட்டும் அடையாளம் தெரியாமல் ஒரு தாடி வைத்துவிட்டு வந்தாராம்.

உறுப்பினர் அம்மா சிரிப்பதைப் பார்த்தால், இன்றைய ஊர்த் தலைகள் எல்லாம் கண்ணுக்கு முன்னால் வந்திருக்கும் போலிருக்கிறது. இருக்கட்டும்.

ஆடிய காலும் பாடிய வாயும் சும்மா இருக்காது. அந்த மனிதருக்கு ஆட்டம் இருந்தது, பாட்டு இருந்தது, தூரிகை இருந்தது, கொட்டகை வாசலில் சினிமாவும் இருந்தது. மயிலாப்பூர் ராஜத்திடம் என்னென்ன இருந்ததோ, அதில் முக்கால்வாசி பென்னாகரத்து வாத்தியாரிடமும் இருந்தது. ராஜம் வரைந்தது அச்சாகி வீடு வீடாகப் போனது. இவர் வரைந்த பத்துத் தலை, அடுத்த வெள்ளிக்கிழமை சுண்ணாம்பு அடித்து, மேலே வேறு தாள் ஒட்டப்பட்டு, வேறு படம் ஏறியது. அவரிடம் கற்றுக்கொள்ள ஆசைப்பட்ட பையன்கள் இருந்தார்கள். "கூத்தாடி பின்னால போனா உருப்படுவியா" என்று வீட்டுக்காரர்கள் இழுத்துக்கொண்டு போனார்கள். அந்தப் பையன்களில் ஒருத்தன் இன்று உங்கள் முன்னால் பழமொழி சொல்லிப் பிழைத்துக்கொண்டிருக்கிறான்.

ராஜத்துக்கு வீடே பள்ளிக்கூடமாக இருந்தது. பாட்டுக்கு ஆள் வாசல் தேடி வந்தார்கள். படம் வரைய அரசு ஓவியப் பள்ளி இருந்தது. நம் மாவட்டத்தில் அப்பா கல் குவாரிக்கோ பெங்களூருக்கோ வேலைக்குப் போகிறார், அம்மா நூறு நாள் வேலைக்குப் போகிறார். அந்த வீட்டுப் பிள்ளைக்கு பாபநாசம் சிவன் வாசலில் வந்து நிற்கப் போவதில்லை. அதற்கு இருப்பது ஒரே இடம், அரசுப் பள்ளிக்கூடம். அங்கே என்ன நிலைமை?

நான் தமிழாசிரியனாக இருந்து ஓய்வு பெற்றவன், உள்ளே நடப்பது தெரியும். டைம்டேபிளில் ஓவியப் பீரியட் இருக்கும். பரீட்சை நெருங்கினால் கணக்கு வாத்தியார் அதைக் கடன் வாங்குவார். அறிவியல் டீச்சர் மீதியைக் கடன் வாங்குவார். திருப்பித் தந்ததாகச் சரித்திரமே கிடையாது. பாட்டுக்குப் பல பள்ளிகளில் பீரியடும் இல்லை, ஆளும் இல்லை. காலை வழிபாட்டில் தமிழ்த்தாய் வாழ்த்து பாடுகிற நாலு பெண்பிள்ளைகள்தான் அந்தப் பள்ளியின் மொத்த சங்கீதம்.

சட்டம் இல்லையா என்றால், இருக்கிறது. 2009-ஆம் ஆண்டு கல்வி உரிமைச் சட்டம், ஆறு முதல் எட்டு வகுப்புகளில் நூறு பிள்ளைகளுக்கு மேல் படித்தால் கலைக்கு ஒரு பகுதிநேரப் பயிற்றுநர் வேண்டும் என்கிறது. அதன் பேரில் 2012-இல் நம் மாநிலத்தில் ஓவியம், இசை, தையல், உடற்கல்வி எல்லாம் சேர்த்து 16,549 பகுதிநேர ஆசிரியர்களை எடுத்தார்கள். வாரத்துக்கு மூன்று அரை நாள். சம்பளம் அப்போது மாதம் 5,000 ரூபாய். மே மாதத்துக்கு அப்போது சம்பளமே கொடுக்கவில்லை. மே மாதம் ஓவிய வாத்தியாருக்குப் பசிக்காது என்று யார் கண்டுபிடித்தார்களோ தெரியவில்லை. சம்பளம் பிறகு கொஞ்சம் கூடியது. ஆனால் ஓவியத்துக்கு அரசு நடத்தும் லோயர், ஹையர் பரீட்சைகளை எழுதி, ஆசிரியர் பயிற்சியும் முடித்துவிட்டு, அரை நாள் பள்ளியில் படம் சொல்லிக்கொடுத்து, மீதி அரை நாள் கடைப் பலகை எழுதிப் பிழைக்கிறவரிடம் போய் நீ ஒரு ராஜத்தை உருவாக்கு என்று எந்த முகத்தோடு கேட்பது?

இப்போது அரசுப் பள்ளிகளில் கலைத் திருவிழா நடத்துகிறார்கள். நல்ல காரியம், மனதாரப் பாராட்டுகிறேன். நம் பிள்ளைகளும் ஆடுகிறார்கள், பாடுகிறார்கள், வரைகிறார்கள். பயிற்சி கொடுப்பது யார் என்று விசாரித்தேன். யூடியூப். போட்டிக்கு முந்தின வாரம் கெமிஸ்ட்ரி டீச்சர் செல்போனைப் பிடித்துக்கொண்டு நிற்க, பிள்ளைகள் அதைப் பார்த்து ஆடிப் பழகுகிறார்கள். அந்த டீச்சரைக் குறை சொல்லவில்லை, அவர் கையெடுத்துக் கும்பிட வேண்டியவர். கிருஷ்ணகிரியில் மாவட்ட அரசு இசைப் பள்ளி இருக்கிறது. குரலிசை, நாதசுரம், தவில், தேவாரம், பரதம் என்று சொல்லிக்கொடுக்கிறார்கள். ஆசைப்பட்டாலும் பென்னாகரத்துக்கு அந்தப் பக்கத்துக் கிராமத்துப் பிள்ளை தினமும் பஸ் மாறி மாறி கிருஷ்ணகிரி போய் வர முடியுமா?

ஆடிய காலும் பாடிய வாயும் சும்மா இருக்காது என்று இத்தனை நேரம் சொன்னேன். ஆடவே விடாத கால்? அது சும்மாதான் இருக்கும். பாடவே விடாத வாய்? அது வம்பு பேசும். வரையவே விடாத கை ரீல்ஸ் தள்ளிக்கொண்டிருக்கும். அப்புறம் பிள்ளைகள் செல்போனும் கையுமாக இருக்கிறார்கள் என்று நாமே மேடை போட்டு வருத்தப்படுவோம்.

ஆகவே நம் மன்றத்தின் சார்பில் ஒரு மனு தயார் செய்திருக்கிறோம். கேட்பது பெரிய விஷயம் இல்லை. நம் மாவட்டத்தில் ஒவ்வொரு அரசு உயர்நிலை, மேல்நிலைப் பள்ளிக்கும் முழுநேரமாக ஓர் ஓவிய ஆசிரியர், ஓர் இசை ஆசிரியர். ஏற்கெனவே பகுதிநேரமாக இருப்பவர்களுக்கே முதலில் அந்த இடம். ஓவியப் பீரியடை வேறு பாடத்துக்கு எடுக்கக்கூடாது. வருஷத்துக்கு ஒருமுறை ஓவிய ஆசிரியர் தலைமையில் பிள்ளைகளை அதியமான்கோட்டை விதானத்தைப் பார்க்கக் கூட்டிக்கொண்டு போகவேண்டும். கூத்துக் கலைஞர் ஒருவரைப் பள்ளிக்கு அழைத்து வேஷம் போட்டுக் காட்டச் சொல்லவேண்டும் என்றும் ஒரு வரி சேர்த்திருக்கிறேன். வழக்கறிஞர் நண்பர் அது மனுவில் நிற்காது என்றார். நிற்கட்டும், பார்ப்போம் என்று விட்டுவிட்டேன்.

வரும் திங்கட்கிழமை மக்கள் குறைதீர்க்கும் நாள். காலை பத்து மணிக்கு கலெக்டர் அலுவலக வாசலில் கூடுகிறோம். தலைமையாசிரியர் ஐயா வருகிறார். மருத்துவர் ஐயா க்ளினிக்கை ஒரு மணி நேரம் தள்ளித் திறப்பதாகச் சொல்லியிருக்கிறார். உறுப்பினர் அம்மா வருவார் என்று நான் மேடையில் வைத்தே அறிவித்துவிட்டால் மறுக்கமாட்டார் என்ற நம்பிக்கையில் அறிவிக்கிறேன்.

பந்தல் வாசலில் மேசை போட்டுத் தம்பிகள் இரண்டு பேர் மனுவோடு உட்கார்ந்திருக்கிறார்கள். டீயும் சுண்டலும் அந்த மேசைக்கு அந்தப் பக்கம்தான் வைத்திருக்கிறோம், வேண்டுமென்றேதான். கையெழுத்துக்குப் பக்கத்துக் கட்டத்தில் உங்கள் பிள்ளையோ பேரனோ படிக்கிற பள்ளியின் பெயரையும், அங்கே பாட்டுக்கும் படத்துக்கும் வாத்தியார் இருக்கிறாரா இல்லையா என்பதையும் எழுதுங்கள். தெரியாவிட்டால் இன்று ராத்திரி பிள்ளையிடம் கேட்டுவிட்டு நாளைக்கு மண்டி மாடியில் வந்து எழுதலாம். கைநாட்டு வைக்கிறவர்களுக்கு மை டப்பா இருக்கிறது.

நேரம் முடிந்தது என்று செயலாளர் தம்பி இரண்டாவது சீட்டும் அனுப்பிவிட்டார். நடுகல் விஷயம் அடுத்த மாதக் கூட்டத்தில். இப்போது நம் அரசுப் பள்ளி மாணவிகள் கும்மிப் பாட்டு பாடப் போகிறார்கள். அவர்களுக்குச் சொல்லிக்கொடுத்த கெமிஸ்ட்ரி டீச்சரும் வந்திருக்கிறார், மேடைக்கு வாருங்கள் டீச்சர். நன்றி, வணக்கம்.